தாய்ப் பக்கத்துச் சாவி

யுவான்லின் நகரத்துச் சந்தைக்குப் பின்பக்கத் தெருவில், பள்ளிச் சட்டைகளில் பெயரும் எண்ணும் தைத்துக் கொடுக்கிற கடை நியென் பீ-ஷியாவுடையது. பள்ளி திறக்கிற சமயம் தவிர மற்ற மாதங்களில் அங்கே பெரிய கூட்டம் இருக்காது. பெயரை அடித்துக் கொடுத்தால் தையல் மெஷின் தன்பாட்டுக்குத் தைத்துக்கொள்ளும். நூல் அறுந்தால் மட்டும் எழுந்து போகவேண்டும். மெஷின் ஓடுகிற நேரத்தில் பீ-ஷியா பக்கத்து மேசையில் உட்கார்ந்து நத்தைகளைப் பற்றி எழுதிக்கொண்டிருப்பாள்.

எழுதுவது இணையக் கலைக்களஞ்சியத்தில். யார் வேண்டுமானாலும் எழுதலாம், யார் வேண்டுமானாலும் அழிக்கலாம் என்கிற இடம் அது. சம்பளம் கிடையாது. அங்கே யாரும் சொந்தப் பெயரில் உலவுவதும் கிடையாது. பீ-ஷியாவுக்கு அங்கே 'இடஞ்சுழி' என்று பெயர். கடைச் சுவரில் மழை விட்டதும் ஏறுகிற, ஓட்டு வாயைக் கதவு மாதிரி மூடிக்கொள்கிற கதவு நத்தைகளின் ஓடு இடப்பக்கமாகச் சுழிந்திருக்கும். அதைப் பார்த்து வைத்துக்கொண்ட பெயர்.

நாற்பத்தொன்பது வயதுப் பெண்ணுக்கு நத்தையில் அப்படி என்ன வேலை என்று கேட்காதவர்கள் இல்லை. அவளுக்குப் படிப்பும் அதில் இல்லை. நூலகத்துப் புத்தகத்தில் இருப்பதை எழுதுவாள், தெரியாததை விட்டுவிடுவாள். அவள் கணவன் ஜின்-ஷியாங் பஸ் ஓட்டுகிறவன். பகல் ஷிப்ட் முடிந்து வந்தால் கடை வாசலில் ஸ்டூலைப் போட்டுக்கொண்டு அவளைச் சீண்டுவதுதான் அவனுக்குப் பொழுதுபோக்கு.

"நத்தை எங்க ஓடிடப் போகுது? வா, சாப்பிட்டுட்டு எழுதலாம்."

"நத்தை ஓடாது. அதோட குடும்பந்தான் ஓடிக்கிட்டே இருக்கு" என்பாள்.

அவள் சொன்னது உண்மைதான். கலைக்களஞ்சியத்தில் ஒவ்வோர் உயிரின் பக்கத்திலும் வலது மேல்மூலையில் ஒரு பெட்டி இருக்கும். படம், அதற்குக் கீழே அந்த உயிர் எந்தத் திணை, எந்தத் தொகுதி, வகுப்பு, வரிசை, குடும்பம், பேரினம் என்று ஏணி மாதிரி வரிகள். ஒரு நத்தைக்கு ஒரு பக்கம் என்றால் ஒவ்வொரு பக்கத்திலும் இந்த ஏணியை முதலிலிருந்து அடிக்கவேண்டும். அடிப்பதில்கூட அவளுக்கு அலுப்பில்லை. ஆராய்ச்சிக்காரர்கள்தான் சும்மா இருப்பதில்லை. ஒருவர் ஒரு பேரினத்தைத் தூக்கி வேறு குடும்பத்தில் போடுவார். அந்தப் பேரினத்தில் இருக்கிற அத்தனை நத்தைப் பக்கங்களிலும் போய் அந்த ஒரு வரியை மாற்றவேண்டும்.

ஒரு வருடம் புத்தாண்டு விடுமுறை முழுக்க அவள் அப்படி மாற்றினாள். மாமியார் வீட்டுக்குப் போனபோதும் சமையலறை மூலையில் மடிக்கணினியை வைத்துக்கொண்டு மாற்றினாள். நாத்தனார் எட்டிப்பார்த்து, "அண்ணி பங்குச் சந்தையில விளையாடுறாங்க போல" என்று எல்லாரிடமும் சொல்லிவிட்டாள். வேலை முடிந்து, வேர்க்கடலை மிட்டாயின் பிசுக்கு விரலில் போவதற்குள் இன்னொரு கட்டுரை வந்தது. முன்னே இருந்த குடும்பமே சரி என்று அதில் எழுதியிருந்தது. பீ-ஷியா மடிக்கணினியை மூடினாள். மூடிய வேகத்தில் மேலே இருந்த தேநீர்க் கோப்பை விழுந்து உடைந்தது. ஒரு வாரம் அந்தப் பக்கமே போகவில்லை.

பிறகுதான் வேற்றுமொழிக் கலைக்களஞ்சியங்களில் இதற்கு ஒரு வழி இருப்பதைக் கண்டுபிடித்தாள். அங்கே ஒவ்வொரு பெயருக்கும் தனியாக ஒரு குட்டிப் பக்கம் வைத்திருந்தார்கள், தாய்ப் பக்கம் என்று அதற்குப் பெயர். அதில் இரண்டே விஷயம்: தான் பேரினமா, குடும்பமா, வரிசையா என்பது ஒன்று, தன் தாய் யார் என்பது இன்னொன்று. நத்தையின் பக்கத்தில் பேரினத்தின் பெயரை மட்டும் ஒரு வரி எழுதினால் போதும். பெட்டி தானாகப் போய் அந்தப் பேரினத்திடம் உன் தாய் யார் என்று கேட்கும். அது சொல்கிற குடும்பத்திடம் போய் உன் தாய் யார் என்று கேட்கும். இப்படி ஏறி ஏறி விலங்குத் திணை வரைக்கும் போய், கேட்டதையெல்லாம் ஏணியாக அடுக்கிக் காட்டும். நாளைக்கே ஒரு பேரினம் குடும்பம் மாறினால் ஓர் இடத்தில் ஒரு வரியை மாற்றினால் போதும். எல்லாப் பக்கமும் தானே மாறிவிடும்.

இதைத் தங்கள் மொழியிலும் கொண்டுவரவேண்டும் என்று பீ-ஷியா முடிவு செய்தாள். கொண்டுவருவதற்குள் அவள் பட்ட பாட்டை ஜின்-ஷியாங்கைத்தான் கேட்கவேண்டும்.

கலைக்களஞ்சியத்துக்காரர்கள் கூடிப் பேசுகிற பக்கத்துக்குச் சத்திரம் என்று பெயர். யாருக்கு என்ன வழக்கு இருந்தாலும் அங்கேதான் வைக்கவேண்டும். பீ-ஷியா தன் யோசனையைச் சத்திரத்தில் வைத்தாள். நாலைந்து பேர் நல்லது என்றார்கள். 'ஈரக்கல்' என்கிற ஆள் மட்டும் வேண்டாம் என்றான்.

ஈரக்கல்லின் சொந்தப் பெயர் ஜுவோ யூ-தெங். நந்தோ ஊரில் நில அளவைத் துறையில் வேலை. முப்பத்து மூன்று வயது. நத்தைப் பக்கங்களில் பாதிக்கு மேல் அவன் எழுதியவை. பெட்டிகளைக் கையால் அடித்து, ஒவ்வொரு வரிக்கும் அடிக்குறிப்பு போட்டு, 'சிலர் இதை வேறு குடும்பத்தில் வைப்பார்கள்' என்று சின்ன எழுத்தில் சேர்த்து, ஒரு புள்ளி தள்ளியிருந்தாலும் திரும்பப் போய் நகர்த்துகிறவன். அவன் பெட்டியை யாராவது தொட்டால் அரை மணிக்குள் பழையபடி ஆகிவிடும்.

வருடத்துக்கு இருமுறை கலைக்களஞ்சியத்துக்காரர்கள் தைச்சுங் நகரில் ஒரு தேநீர்க் கடையில் கூடுவார்கள். அந்த வசந்தகாலத்துக் கூட்டத்தில் பீ-ஷியா அவனை முதல்முறை நேரில் பார்த்தாள். ஒடிசலாக, கழுத்து வரைக்கும் பொத்தான் போட்டு உட்கார்ந்திருந்தான். நடுவில் கான் யீ-வென் இருந்தாள். அவள் காப்பீட்டு அலுவலகத்தில் வேலை பார்ப்பவள், கலைக்களஞ்சியத்தில் நிர்வாகி. அதாவது வழக்கு முடியாமல் இழுத்தால் கேட்டுவிட்டுத் தீர்ப்புச் சொல்லவேண்டியவள்.

"நீங்கதான் இடஞ்சுழியா? நான் யாரோ காலேஜ் பையன்னுல்ல நினைச்சேன்" என்றான் யூ-தெங்.

"நான் உங்களைத் தாத்தான்னு நினைச்சேன். எழுத்தைப் பார்த்தா அப்படித்தான் இருந்துச்சு" என்றாள் பீ-ஷியா.

யீ-வென் தேநீரை வாயில் வைத்துக்கொண்டு சிரிக்கமுடியாமல் திணறினாள்.

"அக்கா, உங்க யோசனை கெட்டதுன்னு நான் சொல்லலை. கையால அடிச்ச பெட்டியில தப்பு வந்தா ஒரு பக்கம் கெடும். உங்க தாய்ப் பக்கத்துல தப்பு வந்தா?" என்றான் யூ-தெங்.

"வராது. பார்த்துத்தானே போடுவேன்."

"பார்த்துத்தான் போடுவீங்க. எல்லாரும் பார்த்துத்தான் போடுறாங்க. நாங்க நிலம் அளக்கிற இடத்துலயும் அப்படித்தான். மூலைக்கல்லை ஒருத்தன் ஒரு சாண் தள்ளி நட்டா, ஊர்ல இருக்கிற அத்தனை வீடும் பக்கத்து வீட்டுக்காரன் நிலத்துல நிக்கும்."

"அப்ப நீங்க வந்து வருஷா வருஷம் கையால மாத்துங்க. நான் சட்டை தைச்சுக்கிட்டு நிம்மதியா இருக்கேன்."

"மாத்துறேனே. மாத்திக்கிட்டுத்தான இருக்கேன்?"

"எங்க மாத்துறீங்க? போன வருஷம் வந்த கட்டுரைக்கு இன்னும் பாதிப் பக்கம் மாறலை. ஒரே பேரினத்துல நாலு நத்தை ஒரு குடும்பத்துல இருக்கு, நாலு நத்தை இன்னொரு குடும்பத்துல இருக்கு. படிக்கிற பிள்ளைங்க எதை நம்பும்?"

யூ-தெங் தன் கோப்பையை ஒரு விரலால் சுற்றிக்கொண்டிருந்தான். யீ-வென் அந்த மேசையிலேயே முடிவு சொன்னாள். கோடை முடிகிற வரைக்கும் நத்தைகளுக்கு மட்டும் பரீட்சை. நன்றாக நடந்தால் நிரந்தரம். படிக்கிறவர்கள் பார்க்கிற பக்கங்கள் பெரிதாகக் கெட்டால் எல்லாப் பெட்டியும் பழையபடி கைக்குத் திரும்பும்.

"கெடுத்தது யாரா இருந்தாலும்தானே?" என்று கேட்டான் யூ-தெங்.

"யாரா இருந்தாலும்" என்றாள் யீ-வென்.

வீட்டுக்கு ரயிலில் வரும்போதுதான் அவன் ஏன் அப்படிக் கேட்டான் என்று பீ-ஷியாவுக்கு உறைத்தது. மாதிரிக்காகச் சில தாய்ப் பக்கங்களை இதுவரைக்கும் திறந்தவள் அவள் ஒருத்திதான். இனியும் அவள்தான் தொடப்போகிறாள். கெட்டால் அவளால்தான் கெடும்.

கோடை நன்றாகவே போனது. ஒவ்வொரு நத்தைப் பக்கமாகத் திறந்து, கையால் அடித்த ஏணியைத் தூக்கிவிட்டு, பேரினப் பெயரை ஒற்றை வரியாகப் போட்டாள். யூ-தெங்கின் அடிக்குறிப்புகளை எறியாமல் பக்கத்தின் உள்ளே கொண்டுபோய் வைத்தாள். அதற்கு நன்றி சொல்வான் என்று எதிர்பார்த்தாள். அவன் ஒரு பக்கத்தில் வந்து, அடிக்குறிப்பு தப்பான வாக்கியத்துக்கு அடியில் இருப்பதாக எழுதிவிட்டுப் போனான். ஜூலையில் ஒரு பேரினம் இடம் மாறியது. பீ-ஷியா ஒரு வரியை மாற்றினாள். சற்று நேரத்தில் அத்தனை நத்தையும் இடம் மாறியிருந்தது. மெஷினை நிறுத்திவிட்டுக் கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"என்ன, சிரிக்கிற?" என்றான் ஜின்-ஷியாங்.

"மாமியார் வீட்டுச் சமையக்கட்டுல உட்கார்ந்து அடிச்சேன்ல? அந்த வேலை. ஒரு நிமிஷத்துல முடிஞ்சுருச்சு."

"அப்ப அடுத்த புத்தாண்டுக்கு எங்கம்மாகூடப் பேசிக்கிட்டு உட்காரணும். யோசிச்சுக்கோ."

ஆகஸ்ட் பிறந்ததும் கடையில் கூட்டம் வந்துவிட்டது. புதுச் சட்டைப் பைகள் தரையெல்லாம் கிடந்தன. அந்த மாதத்தில்தான், பசியோடு அலைகிற ஆவிகளுக்குத் தெருவே கூடிப் போடுகிற பேய்ப் படையலும் வரும். மதியத்திலிருந்தே தெரு முழுக்க மேசைகளைப் போட்டு, நூடுல்ஸ் பொட்டலமும் பிஸ்கட்டும் அன்னாசியும் குளிர்பானப் புட்டிகளும் அடுக்கி, ஒவ்வொன்றிலும் ஊதுபத்தி குத்தி வைப்பார்கள். பீ-ஷியா கடையின் மேசையும் அதில் உண்டு.

படையல் அன்றைக்குக் காலையில்தான் கதவு நத்தைகளைப் பற்றி அவள் காத்திருந்த கட்டுரை வந்தது. குடும்பத்துக்கும் வரிசைக்கும் நடுவில் ஒரு பெருங்குடும்பத்தைச் சேர்த்திருந்தார்கள். செய்யவேண்டியது சின்ன வேலை. பெருங்குடும்பத்துக்குப் புதிதாக ஒரு குட்டிப் பக்கம் திறந்து, அதன் தாய் இந்த வரிசை என்று எழுதவேண்டும். பிறகு குடும்பத்தின் பக்கத்தில் போய், இதன் தாய் இந்தப் பெருங்குடும்பம் என்று மாற்றவேண்டும். புதுப் பக்கத்தை முதலிலிருந்து அடிக்கச் சோம்பல். குடும்பத்தின் பக்கத்தைப் பார்த்து எழுதினாள். எழுதும்போதே கடைக்குள் ஓர் அம்மா மூன்று சட்டைகளோடு வந்து நின்றாள். மூன்று பிள்ளை, மூன்று பள்ளி, மூன்று விதமான எழுத்து.

"அக்கா, பொண்ணு பேர்ல கடைசி எழுத்து எடுப்பா தெரியணும். போன வருஷம் எதுவுமே தெரியலை."

"தெரியும், தெரியும். நூல் எந்தக் கலர்?" என்று கேட்டுக்கொண்டே பீ-ஷியா இரண்டு பக்கத்தையும் சேமித்தாள்.

பெருங்குடும்பத்தின் தாய் என்கிற இடத்தில் வரிசையின் பெயருக்குப் பதிலாகக் குடும்பத்தின் பெயரை எழுதியிருந்தாள். குடும்பத்துக்குத் தாய் பெருங்குடும்பம், பெருங்குடும்பத்துக்குத் தாய் அதே குடும்பம். இனி ஏணியில் ஏறுகிற பெட்டி இந்த இரண்டு படியிலும் மாறி மாறி ஏறிக்கொண்டே இருக்கும். விலங்குத் திணைக்குப் போய்ச் சேரவே சேராது.

சரிபார்க்காமல் அவள் எழுந்திருக்கவில்லை. மூன்று நத்தைப் பக்கங்களைத் திறந்து பார்த்தாள். மூன்றும் நன்றாகத்தான் இருந்தன. அங்கே ஒரு சங்கதி உண்டு. தாய்ப் பக்கத்தை மாற்றினால் பிள்ளைப் பக்கங்கள் உடனே மாறாது. முன்பே எடுத்து வைத்த பிரதியைத்தான் கொஞ்ச நேரத்துக்குக் காட்டிக்கொண்டிருக்கும். எந்தப் பக்கத்தையாவது திறந்து, எதையும் மாற்றாமல் வெறுமனே சேமித்துப் பார்த்தால்தான் புதுப் பெட்டி தெரியும். அங்கே வேலை செய்கிற எல்லாருக்கும் தெரிந்த விஷயம் இது. புதிதாக வருகிறவர்களுக்குச் சொல்லிக்கொடுத்தவளே பீ-ஷியாதான். அன்றைக்கு அவள் பார்த்தது பழைய பிரதி. நன்றாக இருக்கிறது என்று நினைத்துக்கொண்டு நூலை மாட்டப் போய்விட்டாள். பிறகு படையல் மேசை, ஊதுபத்தி, சட்டை, மறுபடியும் ஊதுபத்தி. கைபேசி கல்லாப்பெட்டிக்குள் கிடந்தது.

சாயங்காலம் குப்பை வண்டி பாட்டுப் போட்டுக்கொண்டு தெரு முனையில் திரும்பியபோது, குப்பைப் பையோடு வாசலுக்கு வரும் வழியில்தான் கைபேசியை எடுத்தாள். யீ-வென்னிடமிருந்து வரிசையாகச் செய்தி. 'ஷியா அக்கா, சத்திரத்தைப் பாருங்க.' 'அக்கா, எங்க இருக்கீங்க?' 'அக்கா!'

சத்திரத்தில் ஈரக்கல் எழுதியிருந்த தலைப்பு: 'கதவு நத்தைகளுக்கு என்ன ஆச்சு?' கீழே படங்கள். ஒவ்வொரு படத்திலும் ஒரு நத்தை, அதன் பெட்டியில் ஏணி இருக்கவேண்டிய இடத்தில் சிவப்பு எழுத்தில் பிழைச் செய்தி. பழைய பிரதிகள் ஒவ்வொன்றாகக் காலாவதியாக, ஒவ்வொரு பக்கமாகக் கெட்டிருந்தது. அதற்குள் ஆட்கள் கூடிவிட்டார்கள். ஒருத்தன் எழுதியிருந்தான்: 'அம்மாவுக்கு அம்மா அவ பெத்த மகளாம். நத்தைக் குடும்பத்துல கல்யாணம் எப்படிப் பண்றாங்க?' இன்னொருத்தன்: 'அவசரப்பட்டா இப்படித்தான். நத்தைகிட்ட கத்துக்கக் கூடாதா?'

குப்பைப் பை கையிலேயே இருக்க, பீ-ஷியா கடைக்குள் ஓடினாள். தப்பான வரியைக் கண்டுபிடிக்க நேரம் ஆகவில்லை. திருத்தினாள். திருத்தியும் பக்கங்கள் சிவப்பாகவே நின்றன. இப்போது அவை கெட்ட பிரதியைக் காட்டிக்கொண்டிருந்தன. ஒவ்வொரு நத்தையாகத் திறந்து, எதையும் மாற்றாமல் வெறுமனே சேமித்துக்கொண்டே போனாள். ஜின்-ஷியாங் வந்து அவள் கையிலிருந்த குப்பைப் பையை வாங்கிக்கொண்டு வண்டியின் பின்னால் ஓடினான்.

எல்லாம் சரியான பிறகு ஈரக்கல் எழுதியிருந்ததன் நேரத்தைப் பார்த்தாள். மத்தியானமே எழுதியிருக்கிறான். படையல் மேசையில் அவள் முதல் ஊதுபத்தியைக் குத்திக்கொண்டிருந்த நேரம். மத்தியானமே அவனுக்குத் தெரியும். எந்த வரி தப்பு என்பதும் தெரியும், அந்த வரியை வட்டம் போட்டுக் காட்டியிருக்கிறான். தாய்ப் பக்கங்கள் அப்போது எல்லாருக்கும் திறந்தே இருந்தன. திருத்தியிருக்கலாம். திருத்தவில்லை. சாயங்காலம் வரைக்கும் ஒவ்வொரு பக்கமாகக் கெடுவதைப் படம் எடுத்துக்கொண்டிருந்திருக்கிறான்.

அவனுக்குப் போன் செய்தாள்.

"ஒரு வரி. ஒரே ஒரு வரி. உங்களால திருத்த முடியலையா?"

"முடியும் அக்கா."

"அப்புறம் ஏன் திருத்தலை? படிக்கிறவங்க என்ன பாவம் பண்ணாங்க? அவங்கமேல அவ்வளவு அக்கறைன்னு சொல்வீங்களே!"

"நான் தொட்டிருந்தா அஞ்சு நிமிஷத்துல சரியாயிருக்கும். யாருக்கும் தெரிஞ்சிருக்காது. பரீட்சை நல்லா நடந்துச்சுன்னு நிரந்தரம் ஆக்கியிருப்பாங்க. அடுத்த தடவை நான் ஊர்ல இல்லாத அன்னைக்குக் கெடும்."

"தம்பி, வீட்டுல தீப்பிடிச்சா அணைச்சுட்டுத்தான் யார் வச்சதுன்னு கேப்பாங்க. நீங்க எரியட்டும்னு நின்னு போட்டோ எடுத்திருக்கீங்க."

அந்தப் பக்கம் மோட்டார் சைக்கிள் ஒன்று போவது கேட்டது.

"அது தப்புதான்" என்றான் யூ-தெங். "ஆனா தீ வச்சது நான் இல்லையே அக்கா."

பீ-ஷியா வைத்துவிட்டாள். அவளைக் கோபப்படுத்தியது அவன் திருத்தாதது மட்டும் இல்லை. தேநீர்க் கடையில் அவன் சொன்னது சொன்னபடி நடந்துவிட்டது, அதைத் தன் கையாலேயே நடத்திக் கொடுத்துவிட்டோம். அன்றைக்குத் தைத்த கடைசிச் சட்டையில் ஒரு பையனின் எண்ணை மாற்றித் தைத்து, பிரித்து, மறுபடி தைத்தாள்.

சத்திரத்தில் வழக்கு ஒரு வாரம் ஓடியது. பீ-ஷியா தன் தப்பை முதல் வரியிலேயே ஒத்துக்கொண்டாள். அதற்குக் கீழே, கோடை முழுக்க எத்தனை பக்கங்கள் ஒழுங்காயின என்பதை எழுதினாள். பெட்டிகள் கைக்குத் திரும்பினால் அவற்றைத் திரும்ப யார் அடிப்பது என்றும் கேட்டாள். பிறகு ஒவ்வொருவராக, தானியங்கிப் பெட்டியே இருக்கட்டும் என்று எழுத ஆரம்பித்தார்கள். கேலி பண்ணியவன்கூட அப்படித்தான் எழுதினான். ஈரக்கல் மட்டும் எழுதினான்: 'இருக்கட்டும். ஆனா தாய்ப் பக்கங்களைப் பூட்டணும்.'

அதைப் படித்தபோது பீ-ஷியாவுக்கு நெஞ்சு லேசானது. பூட்டட்டும். பூட்டினால் திருத்துகிற உரிமை, அந்தச் சாவி, யாரிடமாவது இருக்கவேண்டுமே. இந்தத் தாய்ப் பக்கங்கள் அத்தனையும் அவள் திறந்தவை.

தீர்ப்பு நாளில் யீ-வென் முதலில் போன் செய்தாள்.

"ஷியா அக்கா, ஜெயிச்சுட்டீங்க. நிரந்தரம்."

"உண்மையாவா?"

"நத்தைக்கு நிரந்தரம். அடுத்து நண்டு, அப்புறம் வண்டு. எல்லாரும் ஒத்துக்கிட்டாங்க." பிறகு குரல் இறங்கியது. "தாய்ப் பக்கத்தையெல்லாம் பூட்டுறோம் அக்கா. சாவி எங்கிட்ட ஒண்ணு இருக்கும்."

"இன்னொண்ணு?"

"யூ-தெங் கிட்ட."

பீ-ஷியா மெஷினை நிறுத்தினாள்.

"யாருகிட்ட?"

"அக்கா, விதி அப்படி இருக்கு. பூட்டின பக்கத்துக்குச் சாவி கேக்கறவங்க, சமீபத்துல பெருசா எதையும் கெடுத்திருக்கக் கூடாது. நான் எழுதின விதி இல்லை. ஒரு வருஷம் போகட்டும், நானே உங்களுக்காகக் கேக்கறேன்."

"இதை வேணாம்னு சொன்ன ஆள்கிட்டயா சாவி?"

"அவரும் வேணாம்னுதான் சொன்னாரு. எனக்குப் பயமா இருக்குன்னாரு. நான்தான் வாங்க வச்சேன். பயப்படறவங்ககிட்ட இருந்தா நல்லதுன்னு தோணுச்சு."

"அப்ப என்கிட்ட இருந்தா?"

"உங்க வேலை வீணாகலை அக்கா. அதை மட்டும் நினைச்சுக்கோங்க" என்றாள் யீ-வென்.

வீணாகவில்லை என்பதைப் பீ-ஷியாவும் பல தடவை தனக்குச் சொல்லிப் பார்த்தாள். ஜின்-ஷியாங்கிடம் சொன்னபோது அவனுக்குப் புரிய நேரமாயிற்று.

"பெட்டி வேணும்னே. வந்துருச்சு. அப்புறம் என்ன?"

"வந்துருச்சு. நான் தொடக் கூடாது."

"நீ கட்டின பஸ்ல உன்னை டிக்கெட் எடுக்கச் சொல்றாங்க, அதானே?"

"டிக்கெட் எடுத்தாலும் பரவாயில்லை. டிரைவர் நிறுத்தமாட்டேங்கிறான்."

அவன் சிரித்தான். அவள் சிரிக்கவில்லை.

செப்டம்பரில் பிள்ளைகளெல்லாம் பள்ளிக்குப் போய்விட்டார்கள். கடை ஓய்ந்தது. அப்போது ஒரு சின்னக் கட்டுரை வந்தது. ஒரு கதவு நத்தைப் பேரினத்தைப் பக்கத்துக் குடும்பத்துக்கு மாற்றச் சொன்னது. பீ-ஷியா பூட்டிய தாய்ப் பக்கத்தைப் பற்றி விவாதிப்பதற்கான பேச்சுப் பக்கத்துக்குப் போய் விண்ணப்பம் எழுதினாள். இந்தப் பேரினம், இந்தத் தாய்க்குப் பதில் இந்தத் தாய், ஆதாரம் இது.

மறுநாள் ஈரக்கல் பதில் எழுதியிருந்தான். 'பார்த்தேன். கட்டுரையில எந்தப் பக்கம்?'

பக்க எண் கொடுத்தாள்.

இரண்டு நாள் கழித்து: 'அட்டவணையில ஒரு மாதிரியும் உரையில ஒரு மாதிரியும் இருக்கே. ஆசிரியருக்கு எழுதிக் கேட்டீங்களா?'

அவள் எழுதிக் கேட்டாள். உரையில் இருப்பதுதான் சரி என்று ஆசிரியர் பதில் போட்டார். அதையும் கொண்டுவந்து வைத்தாள்.

'நன்றி அக்கா. யாருக்காவது ஆட்சேபம் இருக்கான்னு ஒரு வாரம் பார்ப்போம்.'

நத்தைக்கு ஆட்சேபம் சொல்ல யார் வருவார்கள்? அந்தப் பேச்சுப் பக்கத்தை உலகத்திலேயே இரண்டு பேர்தான் படிக்கிறார்கள், இரண்டு பேருமே அங்கேதான் இருக்கிறோம் என்று எழுதி, அனுப்பாமல் அழித்தாள். வாரம் போனது. ஆட்சேபம் வரவில்லை. அவனும் வரவில்லை. மலைப்பக்கம் நிலம் அளக்கப் போயிருப்பதாகவும் அங்கே சிக்னல் இல்லை என்றும் கலைக்களஞ்சியத்தில் அவனுடைய சொந்தப் பக்கத்தில் ஓர் அறிவிப்பு தொங்கியது. யீ-வென்னைக் கேட்டாள். 'நத்தை விஷயத்தை அவரே பார்க்கட்டும்னு விட்டிருக்கேன் அக்கா. வந்துருவாரு' என்று பதில் வந்தது.

பீ-ஷியாவுக்குப் பொறுமை போயிற்று. சாவி இல்லாவிட்டால் போகிறது. அந்தப் பேரினத்தில் இருப்பது நாலைந்து நத்தை. பழைய மாதிரி கையாலேயே குடும்பத்தின் பெயரை மாற்றிவிட்டுப் போகலாம் என்று முதல் நத்தையின் பக்கத்தைத் திறந்து, திருத்து என்பதை அழுத்தினாள்.

பெட்டி இருக்கிற இடத்தில் ஒரே ஒரு வரி இருந்தது. பேரினத்தின் பெயர். குடும்பம் என்கிற வரியே அங்கே இல்லை. ஜூன் மாதத்தில் ஒரு சனிக்கிழமை அதைத் தூக்கியது இடஞ்சுழிதான் என்று பக்க வரலாறு காட்டியது. அடுத்த நத்தையைத் திறந்தாள். அதிலும் ஒரே வரி. அதற்கு அடுத்ததிலும். இனி எந்த நத்தைக்கும் குடும்பத்தைக் கையால் எழுத இடமே இல்லை. வேண்டுமானால் தானியங்கிப் பெட்டியைப் பிய்த்துப் போட்டுவிட்டு, பழைய ஏணியை முதலிலிருந்து அடித்து வைக்கலாம். யூ-தெங் மூன்று வருடமாகச் செய்துகொண்டிருந்ததை இப்போது இவள் செய்யவேண்டும். செய்தால், பரீட்சையைக் கெடுத்தவளே அதைப் பிடுங்கவும் வந்துவிட்டாள் என்று சத்திரத்தில் எழுதுவார்கள்.

விரல் மேசையில் தாளம் போட்டது. அந்த நத்தைகள் தப்பான குடும்பத்தில், ஒழுங்கான பெட்டியில், ஒரு புள்ளி பிசகாமல் இருந்தன. அத்தனையும் ஒரே மாதிரி தப்பாக இருந்தன.

பேச்சுப் பக்கத்துக்குத் திரும்பிப் போனாள். தன் விண்ணப்பத்துக்குக் கீழே எழுதினாள்: 'ஜுவோ தம்பி, மலையிலிருந்து இறங்கியாச்சா? ஒரு வாரம் தாண்டியாச்சு. ஒரு வரிதான்.'

பதில் அன்று சாயங்காலமே வந்தது. 'இறங்கிட்டேன் அக்கா. மன்னிக்கணும். நாளைக்கு உட்கார்ந்து மாத்துறேன். மாத்தினதும் பக்கங்களை நீங்களும் ஒருதடவை வெறும் சேமிப்பு பண்ணிப் பாருங்க. எனக்கு நிஜமாவே பயமா இருக்கு.'

பீ-ஷியா அதை இரண்டு தடவை படித்தாள். கோபம் போகவில்லை. கோபத்தை வைக்கத் தோதான இடமும் அதில் கிடைக்கவில்லை. 'ஏன் நாளைக்கு? இப்பவே மாத்துங்க. நான் பார்த்துக்கிட்டுத்தான் இருக்கேன்' என்று எழுதி அனுப்பிவிட்டு, முதல் நத்தையின் பக்கத்தைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள்.